கதை நம்மை ஆளலாமா?

ஆமை ஒன்று. அதன் முதுகின்மீது யானைகள் நான்கு. அந்த யானைகளின் தோள்களிலே தட்டையானதோர் உலகம்!

நம் நாட்டுப் பழம்புராணத்தின் பக்கம் ஒன்றைப் புரட்டுகிறோம் என்று எண்ணிவிடாதீர்கள், தோழர்களே! இது இங்கிலாந்து நாட்டு எழுத்தாளர் டெர்ரி பிராட்செட் தம் கற்பனையிலே படைத்துக் காட்டிய 'டிஸ்க்வேர்ல்ட்' எனும் தட்டு உலகம். 1983-ஆம் ஆண்டில் அந்த வரிசையின் முதல் நாவல் வந்தது. அவர் மறைந்த 2015-ஆம் ஆண்டில் கடைசி நாவல் வந்தது. மொத்தம் 41 நாவல்கள். பூமியை ஆமை தாங்குகிறது, யானைகள் தாங்குகின்றன என்று கதை கட்டியவர்கள் நம் நாட்டிலும் உண்டு. ஆனால் இரண்டுக்கும் இடையே பெரியதொரு வேறுபாடு இருக்கிறது. நம் நாட்டுக் கதைஞர்கள் நம்பச் சொன்னார்கள். பிராட்செட் சிரிக்கச் சொன்னார். நம்ப மறுத்தவனுக்கு இங்கே நரகம் காத்திருந்தது. சிரிக்க மறுத்தவனுக்குப் பிராட்செட் எந்தத் தண்டனையும் வைத்தாரில்லை.

அந்தத் தட்டு உலகத்துக்கென்று ஓர் 'அறிவியல்' உண்டு. 1991-இல் வெளிவந்த 'விட்சஸ் அப்ராட்' எனும் நாவலிலே அந்தக் கோட்பாட்டை விரித்துரைக்கிறார் ஆசிரியர். மனிதர்கள் கதைகளை உண்டாக்குகிறார்கள் என்பது நம் எண்ணம். அங்கே நடப்பதோ தலைகீழ்! கதைகள்தாம் மனிதர்களைப் பிடித்துக்கொள்கின்றன. சொல்லச் சொல்ல ஒரு கதைக்குப் பலம் ஏறுகிறது. பலம் ஏற ஏற, வாழ வந்த மனிதர்களெல்லாம் அந்தக் கதையின் தடத்திலேயே நடக்கத் தொடங்குகிறார்கள். ஏழைப் பெண் இளவரசனை மணந்தே ஆகவேண்டும். காட்டிலே தனித்துச் செல்லும் சிறுமி ஓநாயைச் சந்தித்தே ஆகவேண்டும். விருப்பம் இருக்கிறதா என்று எவரும் அவர்களைக் கேட்பதில்லை.

1999-இல் கணித அறிஞர் இயன் ஸ்டூவர்ட், உயிரியல் அறிஞர் ஜாக் கோஹன் ஆகிய இருவருடன் சேர்ந்து 'தி சயின்ஸ் ஆஃப் டிஸ்க்வேர்ல்ட்' எனும் நூலை எழுதினார் பிராட்செட். அதிலே இந்த ஆற்றலுக்கு ஒரு தனிமத்தின் பெயரையே சூட்டினார்கள். சோடியம், கால்சியம் என்பதுபோல 'நரேட்டிவியம்'! தமிழிலே 'கதையம்' என்று சொல்லி வைப்போம். தட்டு உலகத்திலே எல்லாப் பொருளிலும் கதையம் கலந்திருக்கிறது. எட்டாவது மகனுக்கு எட்டாவது மகனாகப் பிறந்தவன் மந்திரவாதி ஆகியே தீருவான். ஏன்? கதை அப்படி! 1987-இல் வந்த ஒரு நாவலிலே, பிறந்தது ஆணா பெண்ணா என்றுகூடப் பாராமல், சாகும் தறுவாயிலிருந்த கிழ மந்திரவாதி தன் மந்திரக்கோலைக் குழந்தையின் கையிலே கொடுத்துவிடுகிறார். குழந்தையோ பெண்! பிறகு அந்தப் பெண்ணை மந்திரப் பள்ளியிலே சேர்க்க ஆயிரம் தடை, ஆயிரம் சண்டை. சிரிப்புக்காக எழுதியதுதான். ஆனால் சிரித்து முடித்த பிறகு சிந்தனை தொடங்குகிறது.

கதை உலகத்தை நடத்துகிறது என்பது உண்மையா? உண்மையானால் எந்த எல்லை வரையில்? எல்லாவற்றுக்கும் மேலாக இன்னொரு கேள்வி. கதைக்கு அத்தகைய ஆற்றல் உண்டென்றால், நன்மை பயக்கும் கதையைப் பொய்யென்று தெரிந்தும் நாம் பரப்பலாமா? பகுத்தறிவு வழி நடப்போர் என்று பெருமை பேசும் நாம், இந்தக் கடைசிக் கேள்விக்கு விடை கூறாமல் நழுவ முடியாது. ஏனெனில் பள்ளியிலே, மன்றத்திலே, தெருவிலே, கதை சொல்லும் வேலை நாள்தோறும் நம் முன்னே நிற்கிறது.

கல்லுக்குக் கதை தெரியாது

முதலில் எல்லையைப் பார்ப்போம்.

1995-ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்கள் 21-ஆம் நாள். பிள்ளையார் சிலை பால் குடிக்கிறது என்றொரு செய்தி டில்லியிலே கிளம்பிற்று. பொழுது சாய்வதற்குள் நாடெங்கும் பரவியது. கடல் கடந்து இலண்டன் கோயில்கள் வரையில் சென்றது. கையிலே கிண்ணம், கிண்ணத்திலே பால், கண்களிலே பரவசம்; கோயில் வாயில்களிலே நீண்ட வரிசைகள். அரசாங்கத்தின் அறிவியல் துறையினர் வந்தார்கள். பாலிலே சாயத்தைக் கலந்தார்கள். கரண்டியை நீட்டினார்கள். சாயம் கலந்த பால் சிலையின் வாய்க்குள் போகவில்லை. மெல்லிய படலமாகச் சிலையின் உடல்மீது வழிந்து இறங்கியது! திரவத்தின் பரப்பு இழுவிசை கரண்டியிலிருந்து பாலை இழுத்தது. புவியீர்ப்பு அதைக் கீழே கொண்டு சேர்த்தது. பாலுக்குப் பக்தி தெரியவில்லை.

இன்னொரு சான்று. பெரியம்மை! இருபதாம் நூற்றாண்டிலே மட்டும் 30 கோடி மக்களைக் கொன்றது அந்நோய் என்பது மதிப்பீடு. நோய் வந்தால் 'அம்மன் வந்திருக்கிறாள்' என்று கதை சொன்னார்கள் நம் மக்கள். கிருமி அந்தக் கதையைக் கேட்டதா? வேப்பிலை கட்டிய வீட்டிலே ஒரு முறையும், கட்டாத வீட்டிலே ஒரு முறையும் நடந்துகொண்டதா? இல்லை. 1796-இல் எட்வர்டு ஜென்னர் கண்ட தடுப்பு முறையும், 1967 முதல் உலக சுகாதார நிறுவனம் தீவிரமாக நடத்திய இயக்கமுமே அதை விரட்டின. இந்தியாவிலே 1975-இல் கடைசி நோயாளி. இயற்கையாகத் தொற்றிய உலகின் கடைசி நோயாளி 1977-இல், சோமாலியாவில். 1980-இல் நோய் ஒழிந்தது என்று அறிவிப்பு.

ஆகவே, கல்லிலே கதையம் இல்லை; பாலிலே இல்லை; கிருமியிலே இல்லை. ஆனால் சற்றுப் பொறுங்கள்! அம்மன் கதை ஒன்றுமே செய்யவில்லையா? செய்தது. 'ஊசி போட்டால் அம்மன் கோபிப்பாள்' என்று அஞ்சி ஒளிந்தோர் பலர். கதையால் கிருமியைத் தொட முடியவில்லை. மனிதனின் கையைத் தொட முடிந்தது; ஊசிக்கு நீட்ட வேண்டிய அந்தக் கையை மடக்க முடிந்தது. அதன் விளைவு புதைகுழி வரையில் சென்றது.

இதைத்தான் அந்த அறிஞர் மூவரும் தங்கள் நூலிலே சொல்ல வந்தார்கள். நம் உருண்டை உலகத்திலே கதையம் எனும் பொருள் கிடையாது. ஆனால் மனிதன் அதைத் தன் மண்டைக்குள்ளே தயாரித்துக்கொள்கிறான். ஆகையால் 'அறிவுள்ள மனிதன்' என்று அறிவியல் நமக்கிட்ட பெயரை மாற்றி, 'கதை சொல்லும் குரங்கு' என்று அழைப்பதே பொருத்தம் என்கிறார்கள் அவர்கள். குரங்கு என்றதும் கோபம் வேண்டாம், தோழர்களே! டார்வினைப் படித்தவர்கள் நாம்.

தப்பியவன் வாய், மூழ்கியவன் வாய்

'இல்லை, இல்லை! கதை இயற்கையையும் ஆட்டிப்படைக்கிறது. நேர்த்திக்கடன் வைத்தான், நோய் நீங்கிற்று. சோதிடன் சொன்னான், அப்படியே நடந்தது' என்று வாதிடுவோர் உண்டு. அவர்களுக்கும் விடை தருகிறது தட்டு உலகம்.

அங்கே பத்து லட்சத்தில் ஒரு வாய்ப்பு மட்டுமே உள்ள செயல், பத்துக்கு ஒன்பது முறை வெற்றி பெற்றுவிடுமாம்! கதைகளிலே அப்படித்தானே நடக்கிறது? 1989-இல் வெளியான நாவல் ஒன்றில் நகரக் காவலர்கள் பறவைநாகம் ஒன்றை ஒரே அம்பால் வீழ்த்த முனைகிறார்கள். வாய்ப்பு சரியாகப் பத்து லட்சத்தில் ஒன்றாக இருந்தால்தானே வெற்றி உறுதி? அதற்காக, குறி பார்ப்பவனை ஒற்றைக் காலில் நிற்கச் சொல்கிறார்கள். முகத்திலே கரியைப் பூசச் சொல்கிறார்கள். அம்பு பறந்தது. குறி தவறியது! வாய்ப்பு சரியாகப் பத்து லட்சத்தில் ஒன்றாக அமையவில்லையாம்.

இந்த நகைச்சுவைக்குள்ளே இருக்கும் நெருப்பைப் பாருங்கள். பத்து லட்சம் பேர் குறி வைக்கிறார்கள். ஒருவன் வெல்கிறான். அந்த ஒருவனைப் பற்றித்தான் கதை எழுதுகிறார்கள். மற்றவர்களைப் பற்றி எழுத எவருக்கும் நேரமில்லை. ஆகவே, கதைகளிலே மட்டும் அரிய வாய்ப்பு எப்போதும் வெல்கிறது.

இதை இருபத்து நான்கு நூற்றாண்டுகளுக்கு முன்பே கண்டுகொண்டான் ஒரு கிரேக்கன். டயகோரஸ் என்பது அவன் பெயர். நாத்திகன் என்று பெயர் வாங்கியவன். கடற்புயலிலே கடவுளை வேண்டித் தப்பியவர்கள் கோயிலிலே தொங்கவிட்ட படங்களை அவனிடம் காட்டி, 'இவற்றைப் பார்த்த பின்னுமா ஐயம்?' என்று கேட்டான் நண்பன். வேண்டிக்கொண்டும் மூழ்கிப் போனவர்களின் படங்கள் எங்கே என்று திருப்பிக் கேட்டான் டயகோரஸ். உரோம நாட்டுச் சிசரோ இந்நிகழ்ச்சியைக் குறித்து வைத்தார். 1620-இல் பிரான்சிஸ் பேக்கன், அறிவியலுக்கு வழிவகுத்த தம் நூலிலே இதே போன்றதொரு நிகழ்ச்சியை எடுத்தாண்டார். மூழ்கியவன் படம் வரைய வருவதில்லை. தப்பியவன் மட்டுமே வாய் திறக்கிறான். எனவே, கதையின் எண்ணிக்கையைக் கண்டு மயங்காமல், சொல்லப்படாத கதைகளையும் சேர்த்து எண்ணுவதே பகுத்தறிவு.

கதை கொலை செய்யும்

இனி மனிதனிடம் வருவோம். இங்கேதான் கதைக்கு உண்மையான ஆட்சி.

1948-இல் அமெரிக்க நாட்டுச் சமூகவியல் அறிஞர் இராபர்ட் மெர்ட்டன், 'தன்னைத் தானே நிறைவேற்றிக்கொள்ளும் முன்னுரை' என்றொரு கருத்தை வெளியிட்டார். அதை விளக்க ஒரு வங்கியைக் கற்பனை செய்துகொண்டார். நல்ல நிலையிலுள்ள வங்கி. திடீரென்று, வங்கி திவாலாகப் போகிறது என்று ஒரு வதந்தி. போட்டவர்களெல்லாம் ஒரே நாளில் பணத்தைத் திரும்பக் கேட்கிறார்கள். கடன் கொடுத்த பணத்தை ஒரே நாளில் எப்படித் திரட்டுவது? வங்கி கவிழ்கிறது. 'பார்த்தாயா, அப்போதே சொன்னேனே!' என்கிறான் வதந்தியைக் கிளப்பியவன். பொய்யாகப் பிறந்தது, மெய்யாக முடிந்தது! வங்கி கற்பனையானாலும் நிகழ்ச்சி கற்பனையன்று. 1930 முதல் 1933 வரையிலான நெருக்கடியிலே அமெரிக்காவில் ஆயிரக்கணக்கான வங்கிகள் கவிழ்ந்தன.

மெர்ட்டன் காட்டிய இன்னோர் எடுத்துக்காட்டு நம் நெஞ்சைத் தொடுவது. கருப்பினத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தை உடைப்பவர்கள் என்று கூறி, வெள்ளையர் சங்கங்கள் பல அவர்களைச் சேர்க்க மறுத்தன. சங்கமில்லை, வேலையுமில்லை, வயிறோ எரிகிறது. வேலைநிறுத்தத்தின்போது முதலாளி கதவைத் திறந்தான். பசித்தவர்கள் உள்ளே சென்றார்கள். 'பார்த்தாயா!' என்றனர் சங்கத்தார். கதை தனக்கு வேண்டிய சாட்சியைத் தானே படைத்துக்கொண்டது. இங்கே, 'அவனுக்குப் படிப்பு வராது' என்று சொல்லிப் பள்ளிக் கதவைச் சாத்திவிட்டு, படிக்காதவனைக் காட்டி 'வரவில்லை பார்!' என்றவர்களை நாம் அறியமாட்டோமா?

வேறு நாட்டுக்கு ஏன் போகவேண்டும்? 2018-ஆம் ஆண்டு மே மாதம். குழந்தை கடத்தும் கூட்டம் ஊருக்குள் நுழைந்திருக்கிறது என்று வாட்ஸ்அப் வழியே கதை பரவிக்கொண்டிருந்த நேரம். திருவண்ணாமலை மாவட்டத்தில் போளூரை அடுத்த அத்திமூரிலே, கோயிலுக்குச் செல்லும் வழியில் குழந்தைகளுக்கு மிட்டாய் கொடுத்தார் ஒரு மூதாட்டி. மிட்டாய் கொடுத்த கை கடத்த வந்த கையாகத் தெரிந்தது கதை கேட்டவர்களுக்கு. கூட்டம் கூடியது. அடித்தார்கள். அந்த மூதாட்டி மாண்டார். உடன் சென்றோர் படுகாயமுற்றனர். கடத்தல் கூட்டம் எங்கே? கதையிலே இருந்தது. பிணம் எங்கே? தெருவிலே கிடந்தது!

அந்தக் கூட்டத்திலே இருந்தவர்கள் எல்லாரும் பிறவிக் கொலைகாரர்களா? தம் குழந்தைகளைக் காக்கப் புறப்பட்ட வீரர்கள் என்றே தம்மை எண்ணியிருப்பார்கள். அதுதான் கதையின் கொடுமை. அரக்கன் வேடத்தை அந்நியனுக்கும், வீரன் வேடத்தை நமக்கும் வழங்கிவிட்டு, கையிலே கட்டையையும் கொடுத்துவிடுகிறது அது.

இந்த ஆட்சியை உடைப்பது எப்படி? 'வதந்தியை நம்பாதீர்' என்று வாயால் சொன்னால் போதுமா? போதாது என்றார் மெர்ட்டன். 1933-இல் இயற்றிய சட்டத்தால், வங்கியில் போட்ட பணத்துக்கு அமெரிக்க அரசாங்கமே காப்பீடு தந்தது. அதன்பின் வங்கி முறிவுகள் பெரிதும் குறைந்தன. பணம் போகாது என்று தெரிந்த பிறகு வதந்தியைக் கேட்டு ஓட எவனுக்கு அவசியம்? சங்கத்திலே சேர்க்கப்பட்ட கருப்பினத் தொழிலாளி வேலைநிறுத்தத்தை உடைப்பதை விட்டான். அத்திமூரைப் போன்ற கொடுமைகள் நாட்டிலே பல இடங்களில் நிகழ்ந்த பின், 2018 ஜூலையிலே, ஒரு செய்தியை ஒரே நேரத்தில் ஐந்து பேருக்கோ குழுக்களுக்கோ மேல் அனுப்பவியலாதபடி இந்தியாவிலே வரம்பு கட்டியது வாட்ஸ்அப். போதனை வேண்டும், அதனோடு ஏற்பாடும் மாற வேண்டும். கதை ஓடும் வாய்க்காலை வெட்டாமல், கதையை மட்டும் திட்டுவதிலே பயனில்லை.

நல்ல பொய் நல்லதா?

இப்போது கடினமான கேள்விக்கு வந்துவிட்டோம்.

1968-இல் இராபர்ட் ரோசெந்தால், லெனோர் ஜேக்கப்சன் எனும் இருவர் 'பிக்மேலியன் இன் தி கிளாஸ்ரூம்' என்ற நூலை வெளியிட்டனர். கலிபோர்னியாவின் தொடக்கப்பள்ளி ஒன்றிலே மாணவர்களுக்கு ஒரு தேர்வு வைத்தார்கள். பிறகு ஆசிரியர்களிடம் ஒரு பட்டியல் தந்தார்கள். இந்த ஆண்டு இந்தக் குழந்தைகள் திடீரென்று மலர்ச்சி பெறுவார்கள் என்று தேர்வு காட்டுகிறது என்றார்கள். உண்மையிலே ஐந்தில் ஒரு பங்குக் குழந்தைகளின் பெயர்களைக் குருட்டாம்போக்கிலே பொறுக்கி எழுதிய பட்டியல் அது. ஆண்டு முடிவிலே பார்த்தால், முதல் இரண்டு வகுப்புகளில், பெயர் இடம்பெற்ற குழந்தைகள் மற்றவர்களைவிட அதிகம் முன்னேறியிருந்தார்கள்!

நம்மைப் போன்ற ஆசிரியர்களுக்கு இதைப் படித்ததும் உடல் சிலிர்க்கிறது. உடனே ஒரு குரலும் எழுகிறது: 'பார்த்தீர்களா? பொய் சொன்னார்கள், பிள்ளைகள் உயர்ந்தார்கள். அப்படியானால் மக்கள் உயர்வதற்கு நாமும் ஏன் பெருமைக் கதைகள் கட்டக் கூடாது? நம் முன்னோர் விண்ணிலே பறந்தார்கள், எல்லாக் கலையும் நம்மிடமே பிறந்தது என்று சொன்னால் இளைஞர் நிமிர்ந்து நிற்பார்களே! நிமிர்ந்து நிற்கட்டுமே, பொய்யானால் என்ன?'

இனிக்கும் வாதம்தான். ஆனால் உடைத்துப் பார்ப்போம்.

முதலாவது, குழந்தைகளை உயர்த்தியது எது? பட்டியலா? குழந்தைகள் அந்தப் பட்டியலைப் பார்க்கவே இல்லை. பார்த்தவர் ஆசிரியர். அவருடைய நடத்தைதான் மாறியது. உயர்வான் என்று எண்ணிய பிள்ளையிடம் ஆசிரியர் முகமலர்ச்சி காட்டுகிறார். அதிகம் கற்றுத் தருகிறார். விடை சொல்ல அவகாசம் தருகிறார். எங்கே பிழை என்று விளக்குகிறார். தொடர்ந்து செய்த ஆராய்ச்சிகளின் வழியே ரோசெந்தாலே கூறிய விளக்கம் இது. அப்படியானால், வேலை செய்தது பொய்யன்று, அந்த அக்கறை! அக்கறையைக் காட்ட ஒரு பொய் தேவைப்பட்டது என்றால், அது ஆசிரியரின் குறையே தவிரப் பொய்யின் பெருமையன்று. பொய்யில்லாமலே அந்த முகமலர்ச்சியையும் அவகாசத்தையும் எல்லாப் பிள்ளைகளுக்கும் வழங்க நம்மைத் தடுப்பவர் யார்?

இரண்டாவது, பட்டியலிலே இல்லாத அந்த ஐந்தில் நான்கு பங்குப் பிள்ளைகள்? நல்ல பொய்யும்கூடச் சிலரைத் தூக்கிப் பலரை விட்டுவிட்டது. பெருமைக் கதை எதுவும் இப்படித்தான். ஒருவனைப் பிறப்பாலே உயர்ந்தவன் என்று பாடும் கதை, பக்கத்தில் இருப்பவனைப் பிறப்பாலே தாழ்ந்தவன் என்று பாடாமல் முடிவதில்லை.

மூன்றாவது, அந்த நூலின் முடிவுகளை மற்ற அறிஞர்கள் சும்மா விடவில்லை. தேர்வு சரியில்லை, கணக்கு சரியில்லை என்று கடுமையாகத் தாக்கினார்கள். மீண்டும் மீண்டும் சோதித்தார்கள். 1984-இல் ஸ்டீபன் ராடன்புஷ் என்பவர் இத்தகைய சோதனைகள் பதினெட்டை ஒன்றுசேர்த்து ஆராய்ந்து, ஓர் அரிய உண்மையைக் கண்டார். ஆசிரியருக்குப் பிள்ளையை முன்பின் தெரியாதபோதுதான் பொய்ப் பட்டியல் வேலை செய்கிறது. இரண்டு வாரத்துக்கு மேல் பழகிவிட்டாலோ, அதன் ஆற்றல் ஏறத்தாழ மறைந்துவிடுகிறது!

இதன் பொருள் என்ன? அறியாமை இருக்குமிடத்திலேதான் கதை ஆளுகிறது. நேரிலே பார்த்து, பேசி, பழகி, சோதித்து அறிந்த இடத்திலே அதன் முடி சரிகிறது. நல்ல கதைக்கும் இதுவே விதி. கெட்ட கதைக்கும் இதுவே விதி. அத்திமூரிலே அந்த மூதாட்டியை ஒருவர் அறிந்திருந்தால் போதும். ஓர் உயிர் பிழைத்திருக்கும்.

நம் நாட்டிலே நடந்த சோதனையையும் சொல்லவேண்டும். கார்லா ஹாஃப், பிரியங்கா பாண்டே எனும் இருவர், உத்தரப் பிரதேசத்துச் சிற்றூர்ப் பள்ளி மாணவர்களுக்கு வழிகாணும் புதிர்களைக் கொடுத்தார்கள். போட்ட புதிருக்கு ஏற்பப் பரிசுப் பணம். சாதியைப் பற்றிப் பேச்சே எடுக்காதபோது, ஒடுக்கப்பட்ட வகுப்புச் சிறுவர்களும் மேல்சாதிச் சிறுவர்களும் ஏறத்தாழச் சமமாகவே புதிர்களை விடுவித்தார்கள். பிறகு வேறு குழுக்களிலே, ஒவ்வொரு சிறுவனின் பெயரையும், தந்தை, பாட்டன் பெயர்களையும், சாதியையும் எல்லாருக்கும் கேட்கும்படி அறிவித்துவிட்டுப் புதிரைக் கொடுத்தார்கள். ஒடுக்கப்பட்ட சிறுவர்கள் விடுவித்த புதிர்களின் எண்ணிக்கை சட்டென்று குறைந்தது! 2006-இல் வெளியான ஆய்வு இது. அதே மூளை, அதே புதிர், அதே பரிசு. இடையிலே புகுந்தது ஒரு சொல். அந்தச் சொல்லின் பின்னாலே இரண்டாயிரம் ஆண்டுக் கதை. இங்கே நமக்கு வேண்டிய மருந்து என்ன? தாழ்ந்தவன் எனும் கதைக்குப் பதிலாக உயர்ந்தவன் எனும் கதையா? வேண்டாம்! அறிவிப்பு இல்லாத குழுவிலேதான் அவர்கள் சமமாக நின்றார்கள். அந்தக் கதையை நிறுத்துவதே மருந்து.

'அப்படியானால் நம்பிக்கையூட்டும் சொல்லே கூடாதா? உன்னால் முடியும் என்று மாணவனிடம் சொல்லக் கூடாதா?' என்று கேட்கலாம். தாராளமாகச் சொல்லலாம். ஆனால் அது கதையன்று, வாக்குறுதி. 'நீ மேதையாகப் பிறந்தாய்' என்பது பொய். 'நீ முயல்வாய் என்றால், உன்னோடு நான் இருப்பேன்' என்பது வாக்கு. பொய்யைச் சொன்னவனின் வேலை சொன்னதோடு முடிந்துவிடுகிறது. வாக்குக் கொடுத்தவனுக்கோ அந்தக் கணத்திலேதான் வேலை தொடங்குகிறது. மாலையிலே கூட ஒரு மணி நேரம் உட்கார்ந்து அவனுக்குக் கணக்குச் சொல்லித்தர வேண்டியிருக்கிறது. மெய்யாவதும் பொய்யாவதும் நம் உழைப்பிலே இருக்கும் சொல்லை நாம் துணிந்து சொல்லலாம்.

கதைக்காக மனிதனா?

'விட்சஸ் அப்ராட்' நாவலிலே லிலித் என்றொருத்தி வருகிறாள். ஒரு நகரத்தையே கதைப்படி நடத்துகிறாள். பொம்மை செய்பவன் கதைகளிலே வருவதுபோலச் சீட்டியடித்து, சிரித்த முகத்தோடு, குழந்தைகளுக்குக் கதை சொல்லவேண்டும், சொல்லாவிட்டால் சிறை! ஏழைப் பெண் அவளுக்குப் பிடிக்காத இளவரசனையே மணந்தாக வேண்டும். ஓநாய் ஒன்றுக்கு மனிதனைப் போல எண்ணும் நோயை ஏற்றி, கதையிலே வரும் ஓநாயாக நடிக்க வைக்கிறாள். அந்த உயிர் வேதனை தாளாமல் சாவையே வேண்டுகிறது. இத்தனையும் செய்யும் லிலித் தன்னைப்பற்றி என்ன நினைக்கிறாள்? தான் நல்லவள், எல்லாருக்கும் இன்பமான முடிவைத் தருகிறவள் என்று நினைக்கிறாள்!

நன்மைக்காகப் பொய்க்கதை பரப்ப விரும்பும் ஒவ்வொருவரும் காணவேண்டிய கண்ணாடி அவள். மக்களைக் கதாபாத்திரங்களாகக் கண்டவுடனே, அவர்களுடைய விருப்பம் நமக்குத் தடையாகத் தெரியத் தொடங்கிவிடுகிறது. மேலும், பொய் பயிராவதற்குக் கேள்வி கேளாத மனம் வேண்டும். நம் பொய்க்காக அந்த நிலத்தை உழுது வைத்தால், நாளை வேறொருவன் வந்து தன் நச்சு விதையை அதே நிலத்திலே தூவுவான். அறுவடையின்போது நாம் அழுது பயனில்லை.

கதைகளையே எரித்துவிடலாமா? கூடாது! 1865-இல் ஜூல்ஸ் வெர்ன் நிலவுப் பயணக் கதை எழுதினார். அவர் கதைகளைப் படித்த உருசிய நாட்டுப் பள்ளி ஆசிரியர் சியோல்கோவ்ஸ்கிக்கு விண்வெளி ஆசை பிறந்தது. ஆனால் அவர் கதையோடு நின்றாரா? வெர்னின் பீரங்கியிலே மனிதனை வைத்துச் சுட்டால், அந்த அதிர்ச்சியிலேயே அவன் நசுங்கிச் சாவான் என்று கணக்குப் போட்டுப் பார்த்தார். பீரங்கி வேண்டாம், இராக்கெட் வேண்டும் என்று கண்டு, 1903-இல் தம் கணக்கை வெளியிட்டார். 1969-இல் மனிதன் நிலவிலே கால் வைத்தான். கதை ஆசையைக் கொடுத்தது. கதையின் பிழையைக் கணக்கு திருத்தியது. திருத்தியதனால்தான் பயணம் நிறைவேறியது. தன்னைக் கதை என்று ஒப்புக்கொண்ட கதை அது. திருத்தியவனை அது சபிக்கவில்லை.

எனவே தோழர்களே, கதை ஒன்று நம்மிடம் வரும்போது அதனிடம் சிலவற்றைக் கேட்போம். நீ கதை என்று ஒப்புக்கொள்கிறாயா, அல்லது உண்மை வேடம் பூண்டிருக்கிறாயா? சோதிக்க விடுகிறாயா, அல்லது சோதிப்பவனைப் பகைவன் என்கிறாயா? உன்னுள்ளே யாருக்கு அரக்கன் வேடம், அவனை நாங்கள் நேரிலே பார்த்திருக்கிறோமா? ஒருவன் உன் வேடத்தைக் கழற்றிவிட்டு வெளியேற விரும்பினால் அவனுக்கு வழி விடுவாயா? இந்தக் கேள்விகளை அயலார் கதைகளிடம் மட்டும் கேட்டுவிட்டு, நமக்கு இனிக்கும் கதைகளை விட்டுவிடுவது நேர்மையாகாது. நம்முடையது என்று நாம் நெஞ்சிலே வைத்துப் போற்றும் கதையைத்தான் முதலில் நிறுத்திக் கேட்கவேண்டும்.

வகுப்பறையிலே நாற்பது பிள்ளைகள் இருக்கிறார்கள் என்றால், நாற்பது பேருக்கும் ஊர் ஏற்கெனவே ஒவ்வொரு கதை எழுதி அனுப்பியிருக்கிறது. இவன் மந்தன், இவள் பெண், இவன் இன்ன தெரு, இவன் இன்னான் மகன். அந்தக் கதைகளுக்கு இரண்டு வாரம்தான் ஆயுள், நாம் பிள்ளைகளோடு உண்மையாகப் பழகினால். பழகாவிட்டால், ஆயுள் முழுவதும் அவை அந்தப் பிள்ளைகளை ஆளும்.